இரண்டின்மையும் இரண்டன்மையும்

காணப்படும் உலகம் பலவாய் விரிந்து கிடப்பினும், அதனைக் காணும் உயிர்கள் எண்ணிலவாய்த் தோன்றினும், உள்பொருள் ஒன்றே என்பது மெய்ப்பொருள் ஆராய்ச்சியில் மிகப் பழைய கொள்கைகளுள் ஒன்று. உபநிடதங்களில் முளைத்துச் சங்கரரால் நிலைநாட்டப்பெற்ற அக்கொள்கை, தமிழ்நாட்டிலும் நெடுங்காலமாகப் பயிலப்பட்டும் மறுக்கப்பட்டும் வந்துள்ளது. அதனைத் தமிழில் எச்சொல்லால் வழங்குவது என்னும் சிறு வினாவே இக்கட்டுரைக்குத் தோற்றுவாய் ஆயிற்று.

இக்காலப் பாடநூல்கள் 'அத்துவைதம்' என்பதற்கு 'இருமையின்மை' என்னும் தமிழ்ச்சொல்லைத் தருகின்றன. மாணவர் அதனை ஐயமின்றிக் கையாளுகின்றனர். யாமும் பல்லாண்டுகள் வகுப்பில் அவ்வாறே கூறி வந்தோம். சிவஞான முனிவரின் மாபாடியத்தை இலக்கண நோக்குடன் மீண்டும் பயின்றபொழுதுதான், அச்சொல் வெறும் மொழிபெயர்ப்பு அன்று, ஒரு வழக்கின் தீர்ப்பு என்பது புலனாயிற்று. 13ஆம் நூற்றாண்டு முதல் தமிழறிஞர் பெரிதும் வாதிட்டுவந்த வழக்கு அது. அவ்வழக்கில் ஒரு கட்சியின் முடிவை 'இருமையின்மை' என்னும் சொல் தன் ஈற்றிலேயே வைத்துக்கொண்டிருக்கின்றது. மற்றக் கட்சியினர் வேண்டியது 'இரண்டன்மை'. 'இன்மை', 'அன்மை' என்னும் இவ்விரண்டனுள் எது என்பதைப் பொறுத்தே, உயிர் என ஒன்று உண்டா இல்லையா என்னும் பெருவினாவின் விடை அமைகின்றது.

முதலில் கொள்கையை அதன் பிறப்பிடத்தில் வைத்துக் காண்போம். சாந்தோக்கிய உபநிடதத்தின் ஆறாம் பகுதியில் உத்தாலக ஆருணி என்பார் தம் மகன் சுவேதகேதுவுக்கு அறிவுறுத்துகின்றார். பன்னிரண்டு வயதிற் கல்விக்குச் சென்ற மகன் இருபத்து நான்கு வயதில், எல்லாம் கற்றோம் என்னும் செருக்குடன் மீள்கின்றான். எதனை அறிந்தால் அறியாதனவெல்லாம் அறிந்தனவாகுமோ அதனைக் கேட்டாயோ என்று தந்தை வினவுகின்றார். மகன் விழிக்கின்றான். பின்னர் மூன்று உவமைகள் வருகின்றன. மண்கட்டி ஒன்றை அறியின் மண்ணாலாகிய அனைத்தையும் அறியலாம். பொன்னை அறியின் பொன்னாற் செய்தவற்றை அறியலாம். நகம் வெட்டும் சிறு கருவியால் இரும்பினாலான அனைத்தையும் அறியலாம். குடம் முதலியன பெயரளவில் வேறாவன. உண்மையில் உள்ளது மண்ணே. தொடக்கத்தில் உள்பொருளாய் இருந்தது ஒன்றே என்றும், அதற்கு இரண்டாவது இல்லை என்றும் கூறி, ஆலம்பழத்தின் விதை, நீரிற் கரைந்த உப்பு முதலிய பல எடுத்துக்காட்டுக்களால் விளக்கி, அப்பொருள் நீயே என்னும் கருத்தை ஒன்பது முறை மகனுக்கு எடுத்தோதுகின்றார் தந்தை.

இப்பகுதி எளிமையாகத் தோன்றினும், 'ஒன்று' என்பதன் பொருளை வரையறுத்து விடவில்லை. பொருள்கள் யாவும் ஒரே மூலப்பொருளால் ஆனவை என்பது ஒரு வகை ஒருமை. பல குடங்கள் இருக்கலாம். அவற்றின் மண் ஒன்று. உள்பொருள் எண்ணால் ஒன்றே, பன்மை வெறுந்தோற்றம் என்பது மற்றொரு வகை. கிரேக்க நாட்டுப் பார்மெனிடீசு கி.மு. 5ஆம் நூற்றாண்டில் இவ்விரண்டாம் வகையை ஒட்டியே, உள்ளது தோன்றாது, அழியாது, அசையாது எனப் பாடினார். 1677ஆம் ஆண்டு, ஆசிரியர் மறைவுக்குப்பின் வெளிவந்த ஸ்பினோசாவின் 'எதிக்கா' என்னும் இலத்தீன் நூல் கூறும் ஒருமையோ வேறு. பொருள் ஒன்றே, உலகத்துப் பொருள்கள் அதன் வடிவ வேறுபாடுகள், அவ்வேறுபாடுகள் பொய்யல்ல என்பது அந்நூலின் நிலை. பொன்னும் அணியும் என்னும் உவமை சங்கரரினும் ஸ்பினோசாவுக்கே நன்கு பொருந்தும் என்பது எம் கருத்து. ஆகவே 'எல்லாம் ஒன்று' என்பார் இருவர் ஒரே கொள்கையினர் ஆகிவிட மாட்டார். அவர் மறுக்கும் பன்மை எவ்வகையது என்று காணல் வேண்டும்.

கி.பி. 8ஆம் நூற்றாண்டினராகக் கருதப்பெறும் சங்கரர் மறுப்பது உயிர்க்கும் பிரமத்துக்கும் இடையேயுள்ள வேற்றுமையை. கயிற்றைப் பாம்பெனக் கண்டு அஞ்சுவான் ஒருவன். விளக்கு வந்தபின் பாம்பு ஓடிவிட்டது என்று அவன் கூறான். பாம்பு அங்கு எக்காலத்தும் இல்லை. அதுபோல, உயிர் எனத் தனியே ஒன்று இருந்து பின்னர் பிரமத்திற் கலந்தது என்பது அவர் கொள்கை அன்று. உண்மை உணர்ந்தவிடத்து, தனி உயிர் எக்காலத்தும் இருந்ததில்லை என்பதே அவர் கொள்கை. கலத்தல் என்னும் சொல்லுக்குக் கூட இடமில்லை. இக்கொள்கையின் வன்மையும் இதுவே. பிற்காலத்தார் இதன்கண் அஞ்சியதும் இதுவே.

இனி இலக்கணத்துக்கு வருவோம். அத்துவைதம் என்னும் சொல்லின் முன்னிற்கும் அகரம் வடமொழி எதிர்மறை முன்னொட்டாகும். இலக்கண நூலார் அதனை 'நஞ்' என்பர். மெய்முன் அகரமாகவும் உயிர்முன் 'அந்' எனவும் அது வரும். தமிழில் அதன் பொருளை இன்மை, அன்மை, மறுதலை என மூன்றாக வகுத்துக் கூறுவர். அநாதி என்புழித் தொடக்கம் இல்லை என்பது பொருள்; இஃது இன்மை. அப்பிராமணன் என்புழிப் பிராமணன் அல்லாத வேறொருவன் என்பது பொருள், இஃது அன்மை. அதர்மம் என்பது தருமம் இல்லாத வெறுமையைக் குறியாது, தருமத்துக்கு மாறான தீவினையைக் குறித்தலின் மறுதலை. மூன்று பொருளுக்கும் வடிவம் ஒன்றே. வடமொழி இலக்கண நூலார் இவ்வேறுபாட்டை அறியாதவர் அல்லர். எதிர்மறையைப் பரியுதாசம், பிரசச்சிய பிரதிடேதம் என இரண்டாகப் பிரித்து நுண்ணிதின் ஆராய்ந்தவர் அவர். ஆயினும் அவ்வேறுபாடு அவர்தம் ஆராய்ச்சியில் உள்ளது. சொல்லின் வடிவில் இல்லை.

தமிழில் நிலைமை வேறு. இங்கு 'இல்' என்பது ஓர் அடி. 'அல்' என்பது மற்றோர் அடி. தொல்காப்பியனார் வினையியலில் குறிப்புவினையின் பொருள்களை எண்ணுமிடத்து, அன்மையையும் இன்மையையும் தனித்தனியே நிறுத்துகின்றார். 'வீட்டில் திருடன் இல்லை' என்பதும், 'வந்தவன் திருடன் அல்லன்' என்பதும் ஒன்றாமோ? முன்னது திருடனின் இருப்பையே மறுக்கின்றது. பின்னது வந்தவன் ஒருவன் உண்டு என்பதை ஏற்றுக்கொண்டு, அவன் இன்னான் என்பதை மட்டும் மறுக்கின்றது. மலையாளத்தில் 'அல்ல', 'இல்ல' என்பன இன்றும் நாட்பேச்சில் வேறு வேறாகவே வழங்குகின்றன. தமிழ்ப் பேச்சு வழக்கிலோ 'இல்லை' என்பது இரண்டின் இடத்தையும் பிடித்துக்கொண்டது. 'அவன் திருடன் இல்லை' என்றே நாமெல்லாம் பேசுகின்றோம். அல்லன், அல்லள், அன்று, அல்ல என்பன எழுத்து வழக்கில் ஒதுங்கிவிட்டமையால், மாணவர்க்கு இவ்வேறுபாட்டைச் செவியால் உணர்த்துதல் அரிதாயிற்று. 'இருமையின்மை' என்னும் சொல் ஐயத்துக்கு இடமின்றிப் பரவியதற்கு இதுவும் ஒரு காரணமாகலாம்.

இதனால் விளைவது யாது? வடமொழியில் எழுதுவார் 'அத்துவைதம்' என்று எழுதிவிட்டு, அதன் பொருளை உரையில் விளக்கிக்கொள்ளலாம். தமிழில் மொழிபெயர்க்கப் புகுவார்க்கு அவ்வாய்ப்பு இல்லை. இல்லா, அல்லா என்னும் இரண்டனுள் ஒன்றைத் தெரிந்தெடுத்த பின்னரே அவர் எழுத்தாணி நகரும். சங்கரர் பிறந்ததாக மரபு கூறும் காலடி, இவ்விரு சொல்லும் வேறாக வழங்கிய நிலத்தில் உள்ளது என்பதை நினைக்குந்தோறும் எமக்கு ஒரு வியப்பு எழுவதுண்டு. அவர் தம் நிலத்து மொழியில் எழுதியிருப்பின் எச்சொல்லை எடுத்திருப்பார்? இன்மையையே எடுத்திருப்பார் என்பதில் எமக்கு ஐயமில்லை.

13ஆம் நூற்றாண்டில் மெய்கண்டார் அருளிய சிவஞானபோதம் பன்னிரண்டு சூத்திரங்களே உடைய சிறு நூல். அதன் இரண்டாம் சூத்திரம் இறைவனுக்கும் உயிர்க்கும் உள்ள தொடர்பைக் கூறுவது. அங்குத் தம் வார்த்திகத்தில் அவர் இச்சொல்லை நேரே எடுத்து ஆராய்கின்றார். அத்துவிதம் என்னும் சொல்லே ஒன்று என்பதைக் குறிக்கும் என்பாரை நோக்கி, ஒன்று எனச் சுட்டுதற்கு ஒருவன் வேண்டுமன்றோ என்கின்றார் அவர். ஒன்று என்பது தானே தன்னை ஒன்று என்று கூறிக்கொள்ளாது. கூறுவான் ஒருவன் உளன் எனின், அவனையும் சேர்த்து எண்ணல் வேண்டும். ஆதலின் அச்சொல் எண்ணைக் குறிப்பது அன்று, வேறாதல் இல்லை என்னும் தொடர்பைக் குறிப்பது என்பது அவர் முடிபு. மறைமொழி ஒன்று என்று கூறியதையும் அவர் மறுக்கவில்லை. அவ்வொன்று இறைவனே என்றும், ஒன்று என்று சொல்லுகின்ற நீ கட்டுண்ட உயிர் என்றும், அகரம் இல்லையேல் எழுத்துக்கள் இல்லாதவாறு போல அவ்வொன்று இல்லையேல் எதுவும் இல்லை என்றும் பொருள் காண்கின்றார். அகரம் எல்லா எழுத்திலும் கலந்து நிற்பினும், ககரம் அகரமே என்று கூறுவார் இல்லை. இரண்டே அடிக்குள் அடங்கத்தக்க இவ்வாதம், தமிழில் எழுந்த தருக்கங்களுள் மிகச் செறிவானவற்றில் ஒன்று என்று கருதுகின்றோம்.

அவர் வழிவந்தோர் இதனை விரித்தனர். அருணந்தி சிவாசாரியார் தம் சிவஞான சித்தியாரின் பரபக்கத்தில் மாயாவாதியின் கொள்கையை எடுத்துக்கூறி மறுக்கின்றார். 1313ஆம் ஆண்டுக்குரிய சகாப்தக் குறிப்பைத் தன்னகத்தே உடைய சங்கற்ப நிராகரணத்தில், உமாபதி சிவம் மாயாவாதியையே முதற்கண் நிறுத்துகின்றார். அவர்தம் சிவப்பிரகாசத்தின் முற்பகுதியில் உவமைகளின் வாயிலாக நடத்தும் ஆராய்ச்சி இன்னும் நயமுடையது. பொன்னும் அணியும் போல முற்றும் ஒன்று என்பதை அவர் கொள்ளவில்லை. இருளும் ஒளியும் போல முற்றும் வேறு என்பதையும் கொள்ளவில்லை. சொல்லும் பொருளும் போல ஒருவாற்றான் ஒன்றும் ஒருவாற்றான் வேறும் ஆதலையும் விலக்குகின்றார். பொன் உவமை சுவேதகேதுவுக்கு அவன் தந்தை கூறிய உவமை அன்றோ? உபநிடதத்தை ஏற்றுக்கொண்டே, அதன் உவமையைச் சித்தாந்தத்துக்குப் பொருந்தாதென அவர் ஒதுக்குகின்ற துணிவு குறிப்பிடத்தக்கது. அவர் கொள்ளும் உவமைகள் மூன்று: உடலும் உயிரும், கண்ணும் ஞாயிறும், உயிரின் அறிவும் கண்ணின் ஒளியும். ஒன்றாதல், வேறாதல், உடனாதல் என்னும் மூன்றையும் இவை முறையே விளக்குவன என்பர்.

கண்ணையும் ஞாயிற்றையும் சற்று நின்று நோக்குவோம். இருளில் கண் திறந்திருப்பினும் காணாது. ஞாயிறு எழுந்தவுடன் காண்கின்றது. காட்சி நிகழும்பொழுது, இவ்வளவு கண்ணின் செயல், இவ்வளவு கதிரின் செயல் எனப் பகுத்துக் காட்ட இயலாது. ஆயினும் கண் ஞாயிறு ஆகிவிடவில்லை. குருடன் முன்னும் அதே ஞாயிறுதான் எழுகின்றது. பிரிக்கவொண்ணாமை வேறு, ஒரே பொருளாதல் வேறு என்பதை இவ்வுவமை தெளிவாக்குகின்றது.

18ஆம் நூற்றாண்டில் திருவாவடுதுறை ஆதீனத்தைச் சார்ந்து வாழ்ந்து 1785ஆம் ஆண்டில் மறைந்த சிவஞான முனிவர், மெய்கண்டாரின் இக்கருத்தைத் தம் மாபாடியத்தில் இலக்கணத்தால் நிறுவுகின்றார். தொல்காப்பியப் பாயிரத்துக்கும் முதற் சூத்திரத்துக்கும் விருத்தி எழுதியவரும், நன்னூல் விருத்தியுரையைத் திருத்தியவருமாகிய அவருக்கு அது இயல்பே. நஞ்ஞின் மூன்று பொருளையும் எடுத்துக்கொண்டு, ஈண்டு அன்மையே பொருந்தும் என்று முடிக்கின்றார். இதற்கு யாம் ஓர் எடுத்துக்காட்டுத் தருவோம். அநேகம் என்பதில் 'ஏகம்' என்னும் எண்ணின் முன் அதே நஞ் வந்துள்ளது. இன்மைப்பொருள் கொள்ளின் ஒன்றுகூட இல்லை என்று பொருள்பட வேண்டும். அவ்வாறு யாரும் கொள்வதில்லை. ஒன்று அல்லாதது, எனவே பல என்றே கொள்கின்றோம். எண்ணோடு கூடிய நஞ் எண்ணப்படும் பொருளை அழிப்பதில்லை. எண்ணை மட்டுமே விலக்குகின்றது.

இவ்வளவில் வழக்கு முடிந்தது என்று சித்தாந்த மாணவர் எழுதிவிடுகின்றனர். அது நேர்மை ஆகாது. மறுதரப்பாரின் விடை வன்மையுடையது. துவைதம் என்பது எண்ணுப்பெயர் அன்று, இரண்டாயிருத்தல் என்னும் தன்மையைக் குறிக்கும் பண்புப்பெயர் என்பர் அவர். பண்பின்முன் வரும் நஞ் இன்மைப்பொருள் தருதற்குத் தடை யாதும் இல்லை. மேலும், சாந்தோக்கியத்தில் உள்ள சொல் அத்துவைதமே அன்று. இரண்டாவதை உடையதன்று என்னும் பொருளுடைய அத்துவிதீயம் என்பதாகும். அங்கு இன்மைப்பொருள் வெளிப்படை. மூன்றாவதாக, சங்கரர் மரபினரும் பிரமத்தை எண்ணால் ஒன்று என்று எண்ணுபவர் அல்லர். எண் என்பது பலவற்றுள் ஒன்றைப் பிரிப்பது. பலவே இல்லாதவிடத்து ஒன்று என்னும் எண்ணுக்கும் வேலை இல்லை. அதனாலன்றோ ஏகவாதம் என்று பெயரிடாது, எதிர்மறையால் அத்துவைதம் என்று பெயரிட்டனர்? ஆகவே, மெய்கண்டாரின் வாதம் ஏகான்மவாதி என்று தமிழ் நூல்கள் பெயரிடும் ஒருவனை நேரே தாக்குகின்றது; சங்கரரைத் தாக்குமிடத்தில் அதற்கு இன்னும் ஒரு படி வேண்டும். மாயாவாதி என்று ஒரு பெயரைச் சூட்டி விட்டமையால் அப்படியைத் தாண்டிவிட்டதாகக் கருதுதல் தமிழ்த் துறைகளில் நிலைத்துவிட்ட ஒரு குறை. யாமும் அதற்கு விலக்கல்லேம்.

அப்படி எது? அறியாமை யாருடையது என்னும் வினா. பன்மை அறியாமையால் தோன்றுவதாயின், அவ்வறியாமை யாரைப் பற்றி நிற்கின்றது? பிரமம் அறிவே வடிவானது; அதன்கண் அறியாமை எங்ஙனம்? உயிரைப் பற்றியது எனின், உயிரே அறியாமையின் விளைவு அன்றோ? சங்கரருக்குப்பின் அவர் மரபே இவ்வினாவால் இரண்டாகப் பிரிந்தது. வாசற்பதி மிசிரரின் பாமதி வழியினர் உயிரே இருப்பிடம் என்றனர். பிரகாசான்மரின் விவரண வழியினர் பிரமமே இருப்பிடம் என்றனர். இராமாநுசர் தம் ஸ்ரீபாடியத்தில் இவ்வறியாமைக் கொள்கைமேல் ஏழு குற்றங்கள் ஏற்றினார். அவற்றுள் முதலாவது இவ்விருப்பிட வினாவே.

சங்கரரே இவ்வினாவை எதிர்கொண்டார். பிரம சூத்திர பாடியத்தின் நான்காம் அத்தியாயத் தொடக்கத்தில், இவ்வறியாமை யாருடையது என்று கேட்போனுக்கு, கேட்கின்ற உன்னுடையதே என்று விடையிறுக்கின்றார். நானே இறைவன் என்று மறை கூறுகின்றதே என்று அவன் மேலும் கேட்பின், அங்ஙனம் உணர்ந்துவிட்டனையேல் அறியாமை யாருக்கும் இல்லை என்கின்றார். முதலில் படிக்குங்கால் இது வினாவைத் தட்டிக்கழிப்பது போல் எமக்குத் தோன்றிற்று. பின்னர்தான் இவ்விடைக்கும் மெய்கண்டாரின் வினாவுக்கும் உள்ள உறவு விளங்கிற்று. இருவரும் ஒரே ஆளைச் சுட்டுகின்றனர். ஒன்று என்று சொல்பவன் யார் என்று மெய்கண்டார் கேட்கின்றார். அறியாமை யாருடையது என்று கேட்பவனைச் சங்கரர் காட்டுகின்றார்.

இவ்வுறவு மிகத் தெளிவாகக் காணப்படுவது கைவல்லிய நவநீதத்தில் வரும் பத்தாம் ஆள் கதையில். நன்னிலம் தாண்டவராய சுவாமிகள் இயற்றிய அந்நூல், ஆசிரியனும் மாணவனும் உரையாடும் முறையில் தத்துவ விளக்கம், சந்தேகம் தெளிதல் என்னும் இரு படலங்களாக அமைந்தது. கார்ல் கிரௌல் என்னும் செருமானிய அறிஞர் 1850களில் இலைப்சிக் நகரில் தாம் வெளியிட்ட தமிழ் நூல் தொகுப்பில் இதனையும் சேர்த்தார். பத்தாம் ஆள் கதை வடமொழிப் பஞ்சதசியிலும் விரிவாக உள்ளது. பதின்மர் ஓர் ஆற்றைக் கடந்தனர். கரையேறியபின் யாவரும் வந்தனரோ என்று ஒருவன் எண்ணினான். ஒன்பதின்மரே இருந்தனர். பத்தாமவனை ஆறு கொண்டுபோயிற்று என்று புலம்பினர். வழிப்போக்கன் ஒருவன் வந்து, எண்ணிய நீயே பத்தாமவன் என்று காட்டினான். அழுகை நின்றது. பத்தாமவன் ஆற்றிலிருந்து மீண்டு வரவில்லை. எண்ணியவன் தன்னை எண்ண மறந்தான், அவ்வளவே.

இக்கதை எண்ணுதலைப் பற்றிய கதை என்பதைக் கவனித்தல் வேண்டும். மெய்கண்டாரின் வாதமும் எண்ணுதலைப் பற்றியதே. எண்ணுபவனை விட்டுவிட்டு எண்ணினால் கணக்குப் பிழைபடும் என்பதில் இருவர்க்கும் வேறுபாடு இல்லை. வேறுபாடு அதற்கடுத்த நொடியில் பிறக்கின்றது. எண்ணுபவனே தேடப்பட்ட பொருள், அவனைக் கண்டபின் தேட வேறொன்றில்லை என்கின்றது கைவல்லியம். எண்ணுபவன் ஒருவன் உளன் என்பதாலேயே ஒன்று என்னும் கணக்கு நில்லாது என்கின்றது சிவஞானபோதம். ஒரே நிகழ்ச்சி ஒருவர்க்கு ஒருமையின் சான்று. மற்றவர்க்கு ஒருமையின் மறுப்பு.

எது பொருந்தும் என்று எம்மைக் கேட்பின், கதையையே மீண்டும் நோக்குமாறு கூறுவோம். பத்தாமவன் தானே தன்னை அறியவில்லை, வழிப்போக்கன் வேண்டியிருந்தது. அவ்வழிப்போக்கன் பதின்மருள் ஒருவன் அல்லன். அவனும் அறியாமையின் தோற்றமே, கனவில் வந்து எழுப்பும் புலி போன்றவன் என்பர் வேதாந்திகள். அவன் ஒருபொழுதும் தோற்றம் ஆகான், அறிவிக்கும் அறிவு எக்காலத்தும் வேண்டப்படும் என்பர் சித்தாந்திகள். கண்ணுக்கு ஞாயிறு வேண்டியதை அவர் நினைப்பூட்டுவர். யாம் சித்தாந்தத்தின் பக்கமே சாய்கின்றோம். அழுதவர் அழுகை உண்மை அன்று என்பது, அழுகை நின்றபின் கூறத்தக்கதேயன்றி, அழுவார் முன் கூறத்தக்கதாக எமக்குத் தோன்றவில்லை. ஆயினும் இது சாய்வு மட்டுமே. இலக்கணத்தால் மெய்ப்பிக்கப்பட்டது என்று கூறமாட்டோம்.

இலக்கணம் வேறொரு வகையில் உதவுகின்றது. உமாபதி சிவம் திருவருட்பயனின் எட்டாம் அதிகாரத்தில், இறைவனும் உயிரும் கூடிய நிலைக்குத் 'தாடலை' என்னும் சொல்லின் புணர்ச்சியையே உவமையாக்குகின்றார். தாள் என்பதும் தலை என்பதும் புணர்ந்து தாடலை ஆகின்றன. நாள், தோறும் என்பன நாடோறும் ஆதல் போல்வது இது. ளகரம் கெட்டது, தகரம் டகரமாயிற்று. ஒலிப்பவன் வாயில் ஒரே சொல்லாகவே அது எழுகின்றது. பிரித்தொலிக்க முயலின் புணர்ச்சி கெடுகின்றது. பொருளை நோக்கின் தாள் ஒன்று, தலை ஒன்று. தாளின்கீழ்த் தலை அடங்கி நிற்றல் வணக்கம். ஏகான்மவாதி இங்கும் வாதிடலாம்: ளகரம் கெட்டதன்றோ, இரண்டில் ஒன்று இல்லாமற் போயிற்றன்றோ என்று. ஒலியை நுணுகி நோக்குவார்க்கு விடை உண்டு. தகரத்துக்கு நாநுனி பல்லைச் சாரும். டகரத்துக்கு நா மேல்நோக்கி வளையும். அவ்வளைவு ளகரத்தின் வளைவே. ளகரம் இல்லாதிருந்தால் தகரம் டகரம் ஆகியிராது. தனித்து நிற்கும் ளகரத்தை அங்கு எவரும் காட்ட இயலாது. அது அங்கு இல்லை என்றும் எவரும் கூற இயலாது. இன்மை அன்று, அன்மை என்பதை இதனினும் தெளிவாக வகுப்பில் விளக்க யாம் வேறொன்று அறியேம். இவ்வுவமையை மொழிபெயர்த்தல் ஒல்லாது. இப்புணர்ச்சி தமிழ்ச்சொற்களின் ஒலியில் அமைந்தது.

கலைச்சொல்லைப் பற்றிய முதல் வினாவுக்கு மீள்வோம். 'இருமையின்மை' பிழையான சொல் அன்று. சங்கரரின் கொள்கைக்கும், அதனைத் தமிழில் தந்த கைவல்லிய நவநீதம், ஞானவாசிட்டம் முதலியவற்றுக்கும் அது மிகப் பொருத்தமான சொல். மெய்கண்ட சாத்திரங்களுக்கு அது பொருந்தாது. அங்கு 'இரண்டன்மை' என்றாதல், நூலார் வழங்கியவாறே 'அத்துவிதம்' என்றாதல் எழுதுதல் வேண்டும். இரண்டுக்கும் பொதுவாக ஒரே தமிழ்ச்சொல் வேண்டும் என்பார் உளர். தமிழில் இல், அல் என்னும் இரண்டுக்கும் பொதுவான ஓர் அடி இல்லையாதலின், அவ்விருப்பம் நிறைவேறுமாறு இல்லை. இப்பொழுது விடைத்தாள்களில், சிவஞானபோதத்தைப் பற்றிய விடையில் 'இருமையின்மை' வருமாயின் அதனை அடித்து அருகில் 'இரண்டன்மை' என்று எழுதுகின்றோம். கைவல்லிய நவநீதத்தைப் பற்றிய விடையில் அதே சொல் வருமாயின் அதனைத் தொடுவதில்லை.